முகம் வேண்டாம், கை போதும்

புல்சினெல்லா என்று ஒருத்தன். இத்தாலி தேசத்தில் நேபிள்ஸ் பக்கத்து ஆள். தொளதொளவென்று வெள்ளைச் சட்டை, உயரமான தொப்பி, முகத்தில் பாதியை மறைத்துக் கறுப்பு முகமூடி, அதில் கொக்கி மாதிரி வளைந்த மூக்கு. எந்நேரமும் பசி. எந்நேரமும் தூக்கம். வேலை சொன்னால் நழுவுவான். அடி வாங்குவான், சமயம் வாய்த்தால் திருப்பி அடிப்பான். நானூறு வருசமாக அந்த ஊர்க்காரர்கள் அவனைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். அவனைப் பத்தி ராசிங்காபுரத்துப் பொம்பளை ஒருத்தி எதுக்கு எழுதணும்னு கேட்பீங்க. அவன் எங்க தெருவுக்குத் தெரிஞ்ச ஆள் மாதிரி எனக்குப் பட்டான். அதுதான் காரணம்.

மதுரையில் நான் படித்துக்கொண்டிருந்தபோது ஒரு மாடி அறையில் வேட்டியைக் கட்டிப் படம் போட்டார்கள். அன்றைக்குக் காட்டிய குறும்படங்களில் ஒன்றின் பெயர் ‘புல்சினெல்லா’. 1973இல் எமனுவேலே லுஸ்ஸாத்தி, ஜூலியோ ஜியானினி என்ற இரண்டு பேர் சேர்ந்து செய்தது. லுஸ்ஸாத்தி வரைந்து வெட்டித் தருவார், ஜியானினி அதைக் கேமராவுக்குக் கீழே வைத்து அசைப்பார். ஆள் நடிக்கிற படம் இல்லை. எல்லாம் வெட்டின காகிதம். கை தனி, கால் தனி, தலை தனி. கண்ணாடிப் பலகைமேல் பரப்பி வைத்து, ஒரு மயிரிழை நகர்த்தி ஒரு படம், இன்னும் ஒரு மயிரிழை நகர்த்தி இன்னொரு படம். இப்படி எடுத்ததை ஓட்டினால் காகிதம் ஓடுகிறது, குதிக்கிறது, குட்டிக்கரணம் போடுகிறது. பின்னணிக்கு ரோஸ்ஸினியின் ஓபரா முன்னிசை. இதே இரண்டு பேர் 1964இல் ‘திருட்டு மைனா’ என்று சொல்லத்தக்க ஒரு படமும் (அங்கே அது மேக்பை என்ற பறவை) ரோஸ்ஸினி இசைக்கே செய்திருந்தார்கள். இரண்டுக்குமே ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது, பரிசு கிடைக்கவில்லை.

படம் முடிந்ததும் ஒரு தோழர் எழுந்து, இதில் வர்க்கப் பார்வை இல்லை என்றார். தூங்க ஆசைப்படுகிற ஒருத்தனைப் பொண்டாட்டி ஏசுகிறாள், போலீசு விரட்டுகிறது. இதுக்கு மேல என்ன வர்க்கம் வேணும்? நான் வாயைத் திறக்கவில்லை. அங்கே வந்திருந்த பொம்பளைகள் மூணு பேர், அதில் சேரியிலிருந்து வந்தவள் நான் ஒருத்தி.

இசை எனக்கு அந்நியமாக இல்லை. எங்க ஊரிலிருந்து தேவாரம் ரோட்டில் போனால் பண்ணைப்புரம் தூரமில்லை. அங்கே பிறந்த ஒருத்தர் வயலினும் செல்லோவும் எங்க டீக்கடைக்குள் கொண்டுவந்து இறக்கி எத்தனையோ வருசமாச்சு. 2025 மார்ச்சில் லண்டனில் அவர் சிம்பொனி அரங்கேறிய ராத்திரி, எங்க தெருவில் அதைப் பத்திப் பேசாத வீடு இல்லை. இளையராஜாவை எந்த அடையாளத்துக்குள் வைப்பது என்ற வழக்கு தனி, அதை இங்கே இழுக்கவில்லை. ரோஸ்ஸினியைக் கேட்கும் காது எனக்கு எப்படி வந்தது என்பதைச் சொன்னேன், அவ்வளவுதான்.

படத்தைவிட அந்தக் காகித மனுசன்தான் என்னை இழுத்தான். அவனை நான் சின்ன வயசிலேயே பார்த்திருந்தேன், தோலில்.

தோல்பாவைக்கூத்துக்காரர்கள் வருவார்கள். மண்டிகர் என்று சொல்கிற சனங்கள். வீட்டுக்குள் மராத்தி பேசுவார்கள், திரைக்குப் பின்னால் உட்கார்ந்து தமிழில் ராமாயணம் நடத்துவார்கள். ஆட்டுத்தோலைப் பதப்படுத்தி, வெட்டி, துளை போட்டு, சாயம் பூசின பொம்மைகள். ஒரே ஆள் ராமனுக்கும் பேசுவான், ராவணனுக்கும் பேசுவான், சீதைக்கும் பேசுவான். ஆனால் சனம் காத்துக் கிடப்பது ராமனுக்காக இல்லை. உச்சிக்குடும்பனுக்கும் உளுவத்தலையனுக்கும். இந்த ரெண்டு கோமாளிகளுக்கும் ராமாயணத்தில் ஒரு சோலியும் கிடையாது. நடுவில் நுழைவார்கள், சாப்பாட்டைப் பத்திப் பேசுவார்கள், ஒருத்தனை ஒருத்தன் அடிப்பார்கள், குசு விடுவார்கள், ஊர்ப் பெரிய மனுசனைச் சாடையாகக் கிண்டல் பண்ணுவார்கள். மற்ற பாவைகளுக்கு அசைவு கம்மி. ராமனுக்கு ஒரு கை ஆடினால் அதிகம். கோமாளிக்குத்தான் கையும் தலையும் இடுப்பும் எல்லாம் ஆடும். ராசாவுக்கு மூட்டு எதுக்கு? அவன் ஆணையிட்டால் போதும். உழைக்கிறவனுக்கும் அடி வாங்குகிறவனுக்கும்தான் மூட்டு வேணும்.

உச்சியில் குடுமி வைத்தவன் என்பதால் அந்தப் பேர் என்பார்கள். இருக்கலாம். ஆனால் எங்க பக்கம் குடும்பன் என்பது தேவேந்திரர்களின் பட்டப்பெயர். ஊர்த்தெரு சனம் உச்சிக்குடும்பனைப் பார்த்துச் சிரித்தபோது, அந்தச் சொல் யார் காதில் எப்படி விழுந்திருக்கும்? தோற்பாவை நிழற்கூத்தைப் பத்தி மு.ராமசுவாமியும் அ.கா.பெருமாளும் நிறைய உழைத்து எழுதியிருக்கிறார்கள். கோமாளியைப் பார்த்துச் சிரித்தது யார், எங்கே உட்கார்ந்து சிரித்தார்கள் என்று நாமும் எழுதணும்.

எங்கே உட்கார்ந்தோம் என்று நான் சொல்கிறேன். பக்கத்து ஊர் ஒன்றில் கூத்து நடந்தபோது நேர் எதிரே ஊர்க்காரர்கள். நாங்கள் பக்கவாட்டில், திரை முடிகிற ஓரத்தில். அங்கிருந்து பார்த்தால் திரையில் விழுகிற படம் கோணலாக, நீட்டமாகத் தெரியும். ராமனுக்கு மூக்கு முழம் நீளம். ஆனால் திரைக்குப் பின்னாலும் தெரியும். விளக்கு தெரியும். பொம்மைக்காரர் குத்துக்காலிட்டு உட்கார்ந்து வேர்க்க வேர்க்க ஆட்டுவது தெரியும். அவர் சம்சாரம் பின்னால் உட்கார்ந்து அடுத்த பொம்மையை எடுத்துக் கொடுப்பது தெரியும். ஊர்க்காரர்கள் கூத்துப் பார்த்தார்கள், நாங்கள் வேலையைப் பார்த்தோம். ஓரத்தில் தள்ளினதற்கு நன்றி சொல்லவில்லை, தள்ளினது தள்ளினதுதான். ஆனால் காகிதத்தை எப்படி அசைப்பது என்ற முதல் பாடம் எனக்கு அந்த ஓரத்தில்தான் கிடைத்தது.

இத்தாலிக்காரர்களின் முகமூடி நாடகத்துக்குக் கொமேதியா தெல்லார்த்தே என்று பேர். 1545இல் பாதுவா நகரில் சில நடிகர்கள் கூடி, இன்னின்ன மாதிரி சேர்ந்து ஊர் ஊராகப் போய் நாடகம் போடுவோம், வருகிறதைப் பங்கு போட்டுக்கொள்வோம் என்று ஒப்பந்தம் எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். தொழில்முறை நாடகக் குழுவின் பழைய ஒப்பந்தம் என்று அதைச் சொல்கிறார்கள். எழுதி வைத்த வசனம் இல்லை. கதைச்சுருக்கம் ஒன்று கையில் இருக்கும், மற்றதெல்லாம் மேடையில் வாய்க்கு வந்தது. முகமூடி எதில் செய்தார்கள் தெரியுமா? தோலில். மரத்தில் செதுக்கின அச்சின்மேல் ஈரத்தோலை விரித்து, தட்டித் தட்டிப் படிய வைத்துச் செய்வது. வழக்கொழிந்து போயிருந்த இந்த வேலையை இருபதாம் நூற்றாண்டில் அமலேத்தோ சர்த்தோரி என்ற சிற்பி மறுபடி கண்டுபிடித்துச் செய்தார். அவருடைய முகமூடிகள் இன்றைக்குக் காட்சிக்கூடத்தில் இருக்கின்றன.

பாவையும் தோல், முகமூடியும் தோல், தப்பும் தோல். அங்கேயும் தோல் பதனிடுகிற தெருவை ஊருக்கு வெளியே, ஆற்றோரத்தில்தான் வைத்திருந்தார்கள், நாற்றம் தாங்காமல். ஆனால் அந்த நாற்றம் பேரன் பேத்தி வரைக்கும் ஒட்டிக்கொண்டு வரவில்லை. தோலைத் தட்டினவன் சிற்பி ஆனான். இங்கே தோலைத் தட்டினவன் சாதி ஆனான்.

அந்த ஊரில் மனுசரைத் தள்ளிவைக்கத் தெரியாது என்று நினைத்துவிட வேண்டாம். லுஸ்ஸாத்தி யூதர். 1921இல் ஜெனோவாவில் பிறந்தவர். 1938இல் முசோலினி அரசு இனச்சட்டம் போட்டது. யூதப் பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்திலிருந்து வெளியேற்றியது, வாத்தியார்களையும் வெளியேற்றியது. லுஸ்ஸாத்தி சுவிட்சர்லாந்துக்குப் போய் லோசான் நகரில் ஓவியம் படித்தார், போர் முடிந்தபின் 1945இல் ஊர் திரும்பினார். 2007இல் சாகும்வரை பொம்மை, மேடைச்சீலை, காகித மனுசர் என்று வண்ணமாகவே செய்துகொண்டிருந்தார். அவர் படத்தில் போலீசு விரட்டுகிற இடம் வரும்போதெல்லாம் எனக்கு இந்த 1938 ஞாபகம் வரும். அவர் அதை நினைத்துச் செய்தாரா என்று நான் வாதாட வரவில்லை. விரட்டப்பட்டவன் கை வெட்டின காகிதம் அது, அவ்வளவு தெரிந்தால் எனக்குப் போதும்.

இனி சன்னி. புல்சினெல்லாவுக்கும் ஆர்லெக்கினோவுக்கும் பாட்டன் முறை. முகமூடி நாடகத்தில் வேலைக்காரன் எல்லோருக்கும் சன்னி என்றுதான் பொதுப்பேர். ஜியோவன்னி என்ற பேரின் வட்டார வழக்கு அது. நம்ம ஊரில் முனியா, மாடா என்று கூப்பிடுகிற மாதிரி. பெர்கமோ மலைப்பக்கத்துச் சனங்கள் பஞ்சம் பிழைக்க இறங்கி வந்து வெனிசில் மூட்டை தூக்கினார்கள். அவர்கள் பேசுகிற பாசை நகரத்துக்காரர்களுக்குச் சிரிப்பு. அவர்கள் பசி அதைவிடச் சிரிப்பு. அதை மேடையில் ஏற்றினார்கள். தாரியோ ஃபோ (1997இல் நோபல் வாங்கியவர்) 1969இல் ஆடத் தொடங்கிய ‘மிஸ்தெரோ புஃபோ’வில் ஒரு சன்னி வருகிறான். பசி தாங்காமல் தன் உடம்பையே தின்பதாகக் கற்பனை பண்ணுகிறான், கடைசியில் ஒரு ஈயைப் பிடித்து ருசித்துத் தின்கிறான். இதில் சிரிப்பு எங்கே முடிகிறது, வயிறு எங்கே தொடங்குகிறது என்று தெரியாது. பக்தினைப் படித்துவிட்டு, திருவிழாச் சிரிப்பு அதிகாரத்தைக் கவிழ்த்துவிடும் என்று எழுதுகிற நம்ம சிந்தனையாளர்கள் பட்டினியோடு ஒருநாள் சிரித்துப் பார்க்கணும்.

அந்தச் சனம் மலையிலிருந்து இறங்கினது. எங்க சனம் மலைக்கு ஏறுகிறது.

போடியைச் சுத்தியுள்ள ஊர்களில் விடியக் கருக்கலில் ஜீப்பு வந்து நிற்கும். ராசிங்காபுரம், சிலமலை, தேவாரம், எல்லா ஊரிலும். பொம்பளைகள் தூக்குவாளியோடு ஏறுவார்கள். உள்ளே எத்தனை பேர் என்று எண்ணக்கூடாது, எண்ணினால் மூச்சு முட்டும். போடிமெட்டுக்குப் பதினேழு கொண்டை ஊசி வளைவு. ஏறினால் கேரளா. பூப்பாறை, சாந்தன்பாறை, ராஜகுமாரி என்று ஏலத்தோட்டங்கள். அம்மா முப்பது வருசத்துக்கு மேல் போனது. ஏலக்காய் மரத்தில் காய்க்கிறது என்று படித்த சிநேகிதி ஒருத்தி நினைத்திருந்தாள். அது செடிக்கு அடியில், தரையில் படர்கிற சரத்தில் காய்க்கும். குனிந்தே எடுக்கணும், இல்லாவிட்டால் குத்தவைத்து நகர்ந்துகொண்டே எடுக்கணும். பழுத்ததை எடுக்கணும், பிஞ்சு உதிரக்கூடாது. மழை விடாது. சாக்கை மடித்துக் கொங்காணி போட்டுக்கொள்வார்கள். கால் விரல் இடுக்கில் அட்டை. மருந்தடித்த செடி. சாயங்காலம் கங்காணி எடை போடுவார், ஜீப்பு இறங்கும். மழையில் மண் சரிந்த நாளும் உண்டு, ஜீப்பு உருண்ட நாளும் உண்டு. வந்து சேராத வீடுகள் எங்க பக்கம் எல்லா ஊரிலும் இருக்கு.

கொங்காணி போட்ட அம்மாவை எனக்கு முதலில் அடையாளம் தெரியவில்லை. விடுமுறையில் ஒருநாள் நானும் கூடப் போயிருந்தேன். வரிசையாக இருபது பேர், இருபது சாக்கு, முகமே இல்லை. கை மட்டும் செடிக்குள் போய் வருகிறது. அம்மா கையை வைத்துத்தான் அம்மாவைக் கண்டுபிடித்தேன்.

இத்தாலியின் தெற்கு மூலையில் சலெந்தோ என்று ஒரு பூமி. அங்கே தரந்தெல்லா ஆட்டம். இன்றைக்குக் கல்யாண வீட்டிலும் சுற்றுலா விடுதியிலும் குஷியாக ஆடுகிற ஆட்டமாக உலகம் அதை அறியும். அதன் வேர் வேற. அறுவடைக் காலத்தில் வயலில் வேலை செய்கிற ஏழைப் பெண்கள் திடீரென்று விழுவார்கள். தரந்தா என்ற சிலந்தி கடித்துவிட்டது என்பார்கள். வைத்தியர் இல்லை, வாத்தியக்காரர்கள் வருவார்கள், வயலினும் தம்புரெல்லோவும். தம்புரெல்லோ என்பது மரவளையத்தில் ஆட்டுத்தோல் இழுத்துக் கட்டி, தகரச் சில்லுகள் கோத்த பறை. அவள் உடம்புக்கு எந்தத் தாளம் பிடிக்கிறதோ அதைத் தேடிப் பிடிப்பார்கள். பிடித்துவிட்டால் அவள் எழுந்து ஆடுவாள். மணிக்கணக்கில், சில சமயம் நாள்கணக்கில். அவள் ஆடுகிறவரை அவர்கள் வாசிக்கணும். அப்புறம் ஜூன் 29, பேதுரு பவுல் திருநாளில் கலத்தினா ஊர்ச் சிற்றாலயத்துக்குப் போய் நிற்பாள். அடுத்த வருசம் அதே காலத்தில் கடி திரும்ப வரும். 1959இல் எர்னெஸ்தோ தெ மர்த்தினோ ஒரு குழுவோடு அங்கே போய்த் தங்கி ஆராய்ந்து 1961இல் புத்தகம் எழுதினார். இது பூச்சிக்கடி நோயும் இல்லை, வெறும் பைத்தியமும் இல்லை, வாய்விட்டுச் சொல்ல வழியில்லாத துயரத்துக்குச் சனங்கள் கண்டுபிடித்த வழி என்றார். 1962இல் மிங்கோஸ்ஸி அதைக் கறுப்பு வெள்ளையில் படம் எடுத்தார்.

சலெந்தோவைப் பத்திப் படித்தபோது எனக்கு எங்க தெருவுப் பெரியம்மா ஒருத்திதான் கண்ணுக்குள் வந்தாள். வருசம் முழுக்கத் தலை நிமிராதவள். காளியம்மன் பொங்கலில் தப்பு ஒரு குறிப்பிட்ட அடிக்கு மாறினால் போதும், அவளுக்கு இறங்கிவிடும். புருசனைப் பேர் சொல்லிக் கூப்பிடுவாள். கங்காணியை ‘ஏலேய், எடையில கை வச்சவனே’ என்பாள். ஒருத்தரும் எதிர்த்துப் பேச முடியாது, பேசுவது ஆத்தா. தப்பு நின்றால் அவளும் நின்றுவிடுவாள். மறுநாள் ஜீப்பில் ஓரமாக உட்கார்ந்து போவாள். தெ மர்த்தினோ இங்கே வரவில்லை; வரவேண்டியதும் இல்லை. நாமே எழுதலாம்.

1998லிருந்து சலெந்தோவில் தரந்தா இரவு என்று பெரிய விழா நடக்கிறது, கூட்டம் லட்சக்கணக்கில். கடிபட்ட பெண்கள் போய்விட்டார்கள், தாளம் மேடை ஏறிவிட்டது. நம்ம ஊரில் 2007இல் சென்னை சங்கமம் தொடங்கினபோது பூங்காவில் பறை அடித்ததைப் பார்த்துவிட்டு எங்க பசங்கள் சந்தோசமாக வந்து சொன்னார்கள். சந்தோசம்தான். திண்டுக்கல் சக்தி கலைக்குழு தொண்ணூறுகளில் தலித் பெண்கள் கையில் பறையைக் கொடுத்ததை நான் பெரிய காரியமாகவே நினைக்கிறேன். கே.ஏ.குணசேகரன் பாடிப் பாடிக் கொண்டுபோய்ச் சேர்த்ததும் சின்னக் காரியம் இல்லை. 2025இல் மதுரை வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். அந்தச் சேதியை மாமாவிடம் ஓடிப்போய்ச் சொன்னேன்.

மாமா என்றால் தாய்மாமன். வாலிபத்தில் எங்க பக்கம் அவர் அடிக்கு ஈடு கிடையாது என்பார்கள். இழவு வீட்டுக்கு அடிப்பார், கோயிலுக்கு அடிப்பார், தண்டோரா போடுவார். 1989இல் போடியிலும் சுத்துப்பட்டு ஊர்களிலும் சாதிக்கலவரம் நடந்தது. வீடு எரிந்தது, உயிர் போனது. அதற்கப்புறம் மாமா தப்பைத் தொடவில்லை. தெரு இளவட்டங்கள் கூடி, இனிமேல் ஊர் இழவுக்கு அடிப்பதில்லை என்று முடிவு எடுத்தபோது முதல் ஆளாகத் தப்பைப் பரண்மேல் போட்டவர் அவர். அதற்காகக் காட்டு வேலை மறுக்கப்பட்டது. அப்புறம்தான் அவரும் ஜீப்பு ஏறினார். தண்டோரா போடும் வழக்கத்தை நிறுத்தச் சொல்லி அரசாங்கம் ஆணை போட்டது 2022இல். மாமா அதைவிட முப்பது வருசம் முந்திக்கொண்டார்.

பத்மஸ்ரீ சேதியைக் கேட்டுவிட்டு அவர் சொன்னது: “நல்லாருக்கட்டும்த்தா. அவருக்கு அது கலை, அவரா ஆசப்பட்டு அடிக்கிறாரு. எங்கள ஏவி அடிக்க வச்சாங்க. கஞ்சிய வெளியில வச்சு ஊத்துனாங்க. ரெண்டும் ஒண்ணாயிருமா?”

பறையை விடுவதா எடுப்பதா என்று நம்ம பத்திரிகைகளில் முப்பது வருசமாகச் சண்டை நடக்கிறது. இழிவின் அடையாளம், எரிக்கணும் என்பது ஒரு கட்சி. ஆதி இசை, உயர்த்திப் பிடிக்கணும் என்பது ஒரு கட்சி. இரண்டு பக்கமும் நியாயம் இருக்கு. ஆனால் மாமா மாதிரி ஆட்களிடம் யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. விட்டவருக்கு அந்த வித்தை கையில் இன்னும் இருக்குமே, அதை என்ன செய்வது?

எனக்கு அந்தக் கையைப் படம் எடுக்கணும் என்று ஆசை. ஆசையைச் சொன்னதும் அவர் எழுந்து வெளியே போய்விட்டார். ரெண்டு நாள் கழித்து அவரே வந்தார். “படத்துல மூஞ்சியப் போடாத. என் மகனுக்கு வெளியூர்ல வேலை. அங்க அவன் யாருன்னு யாருக்கும் தெரியாது. தெரிஞ்சா வாடக வீடு போயிரும். கையி மட்டும் போட்டுக்க.”

அப்போதுதான் லுஸ்ஸாத்தியின் காகிதம் எனக்கு உபயோகத்துக்கு வந்தது. செல்போனில் கையை மட்டும் எடுத்தாலும், அந்தத் தழும்பைப் பார்த்து ஊரில் யாரும் சொல்லிவிடுவார்கள். காகிதத்தில் வெட்டினால் அது மாமாவின் கையாகவும் இருக்கும், யாருடைய கையாகவும் இருக்கும். கொச்சியிலும் சென்னையிலும் திருப்பூரிலும் சாதியை மறைத்துக் குடியிருக்கிற எங்க பிள்ளைகள் எல்லாரும் முகமூடி போட்டவர்கள்தான். நேபிள்ஸ்காரன் முகமூடியைப் போட்டுக்கொண்டு மேடையில் வாய் திறந்தான். எங்க பிள்ளைகள் வாயை மூடுவதற்குப் போட்டுக்கொள்கிறார்கள்.

நீனா சப்நானி 2009இல் கட்ச்சுப் பெண்களோடு சேர்ந்து செய்த ஒரு அனிமேஷன் படம் எனக்கு இன்னொரு தைரியம். பாகிஸ்தான் பக்கத்திலிருந்து 1971 போரையொட்டி வந்து சேர்ந்த கதையை மேக்வால் பெண்கள் தாங்கள் தைத்த துணிப்படங்களாலேயே சொல்கிறார்கள். ஊசி பிடித்த கையே கதையும் சொல்கிறது. நிபுணர் வந்து வரைந்துகொடுக்கவில்லை.

பழைய சன்னல் கண்ணாடி ஒன்று, அடியில் நாலு செங்கல். மேலே முக்காலி, அதில் செல்போனைக் கவிழ்த்துக் கட்டினேன். காகிதத்துக்குப் பதிலாக ஏலக்காய்ச் சாக்கு. அம்மா பத்திரப்படுத்தி வைத்திருந்த கொங்காணிதான். அதைப் பசை போட்டு விறைப்பாக்கி வெட்டினால் ஓரம் பிசிறாது. முழங்கை, மணிக்கட்டு, விரல் மூட்டுக்கெல்லாம் நூல் முடிச்சு. ஒரு விநாடிக்குப் பன்னிரண்டு படம். ஒரு நிமிசத்துக்கு எழுநூத்தி இருபது. மின்விசிறி போடக்கூடாது, போட்டால் கை பறந்துவிடும். சித்திரை வெயிலில், அண்ணன் மகள் படம் பிடிக்க, நான் நகர்த்த, வேர்வை கண்ணாடியில் சொட்டாமல் பார்த்துக்கொள்ளணும்.

தப்புக்கு ரெண்டு குச்சி. வலது கையில் கட்டையாக அடிக்குச்சி, இடது கையில் நீளமாக, மெல்லிசாக மூங்கில் சுண்டுக்குச்சி. அடி விழுகிற படம் ஒன்றே ஒன்று போதும். கை மேலே போகிறதுக்குத்தான் நாலு படம், அஞ்சு படம் வேணும். அடி என்பது அடிக்கிற இடத்தில் இல்லை, ஓங்குகிற இடத்தில்தான் இருக்கிறது என்று மாமா எந்தக் காலத்திலோ யாருக்கோ சொல்லிக்கொடுத்தது எனக்குக் கண்ணாடிமேல் புரிந்தது.

சத்தத்துக்கு என்ன பண்ணுவது? பரணில் கிடந்த தப்பை எலி கடித்திருந்தது. கடிக்காவிட்டாலும் அவர் தொடமாட்டார், நானும் கேட்கமாட்டேன். அம்மா இப்போது மலைக்குப் போவதில்லை. போடியில் ஒரு கிட்டங்கியில் காய் தரம் பிரிக்கிறது. சல்லடையில் காய் உருளுகிற சத்தம், எட்டு மில்லிக் காய் மேலே நிற்க, சின்னது கீழே கொட்டுகிற சத்தம். அதை எடுத்துப் படத்துக்கு வைத்தேன். தோல் சத்தம் இல்லாமல் தப்பு ஆடுகிறது.

படம் ஒன்றரை நிமிசம். வீட்டுச் சுவரில் போட்டோம். தெருப்பிள்ளைகள் முன்னால், பொம்பளைகள் நடுவில், யாரும் ஓரத்தில் இல்லை. முகம் இல்லாத ஒரு சாக்கு மனுசன், இடுப்பில் தப்பு, ரெண்டு கை. பிள்ளைகள் முதலில் சிரித்தார்கள், கோமாளி என்று. அப்புறம் கையைப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். பின்னாலிருந்து ஒரு கிழவி, “இது இன்னாரு கையில்ல?” என்று மாமா பேரைச் சொல்லிவிட்டாள்.

மாமா கதவோரமாக நின்றார். ஒன்றும் பேசவில்லை. ரெண்டாம் தடவை போடச் சொன்னார். மூணாம் தடவையும் போடச் சொன்னார். முடிந்ததும் கிட்டே வந்து என் இடது கையைப் பிடித்து, விரலை மடக்கிக் காட்டினார். “சுண்டுக்குச்சிய இப்பிடிப் பிடிச்சா வெரலு வெந்து போகும். மோதிர வெரல விடு. நாளைக்கு மாத்திப்புடு.”

அம்மா, ஜீப்பு எப்போது செய்வாய் என்றது. பதினேழு வளைவும் வேணுமாம். உள்ளே யார் யார், எந்த இடத்தில் உட்கார்ந்தார்கள் என்று அதுவே சொல்லுமாம். சொல்லத் தொடங்கிவிட்டது. நான் எழுதி எடுத்துக்கொண்டிருக்கிறேன். பின்சீட்டு வரைக்கும் பதினொரு பேர் ஆகிவிட்டார்கள், ஏணிப்படியில் நின்றவர்கள் இன்னும் பாக்கி. சாக்கு இன்னும் ரெண்டாவது வேணும்.